மூன்றாம் மாடியில் ஒரு பறவை

5 செப்டம்பர், திங்கள்

இந்தக் கொப்பியை ஐந்தாம் மாடி கிளெமான்ஸ் தந்தாள். படம் எடுக்கிற பிள்ளை. வயது இருபத்தொன்பது, இரண்டு காலிலும் ஒரே நிறக் காலுறை போட்டு நான் பார்த்ததில்லை. "மதாம் தவா, நீங்கள் ஒரு நாளில் செய்வதையெல்லாம் இதில் எழுதித் தாருங்கள். இந்த நகரத்தின் சாதாரண வாழ்க்கையை வைத்து ஒரு குறும்படம் எடுக்கப் போகிறேன். அதில் எல்லோரும் பாடுவார்கள்" என்றாள். தவமலர் என்ற என் பெயரைப் பாரிசுக்கு வந்த முதல் வருடமே பாதியாக வெட்டிவிட்டார்கள். மற்றப் பாதி எங்கே போனது என்று நானும் கேட்கவில்லை.

பிரெஞ்சில் எழுதச் சொன்னாள். நான் தமிழில் எழுதுகிறேன். அவளால் வாசிக்க முடியாது என்பது பெரிய வசதி.

இன்று செய்தவை. காலை ஆறரைக்கு மூன்று தொட்டிகளையும் வீதிக்கு உருட்டினேன். பச்சை மூடி குப்பைக்கு, மஞ்சள் மூடி கடதாசிக்கு, வெள்ளை மூடி போத்தலுக்கு. ஐந்து மாடிப் படிகளையும் கூட்டித் துடைத்தேன். கடிதங்களைப் பிரித்துக் கதவுகளின் அடியில் வைத்தேன். முதலாம் மாடிப் பல் வைத்தியர் மொசியே கார்னியேக்கு வந்த பொதியை வாங்கி வைத்தேன். மூன்றாம் மாடியில் யோகா சொல்லிக்கொடுக்கிற மதாம் பெலார் என்னைக் கட்டிப்பிடித்து, "உங்களிடமிருந்து நல்ல சக்தி வருகிறது" என்றார். வந்தது ஜாவெல் என்ற வெளுப்பு நீரின் மணம். படி கழுவினால் அப்படித்தான் மணக்கும்.

இருபத்திரண்டு வருடமாக நான்தான் இந்தக் கட்டடத்தின் காவலாள். வாசற்கதவுக்குப் பக்கத்தில் ஓர் அறையும் குசினியும் வேலையோடு தந்திருக்கிறார்கள். அதை லோஜ் என்பார்கள். அங்கே நானும் இவரும் இருக்கிறோம். இவர் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவுகிறார். குலவீரசிங்கம் என்று பெயர். கட்டடத்தார் மொசியே சிங்கம் என்பார்கள். சிங்கத்துக்கு எலியென்றால் பயம்.

குப்பைப் பைகளை நான் கிழிப்பதில்லை. அவை தாமாகக் கிழியும்.

மகள் ஆரணிக்கு வேலை கூட. அதனால் இந்தப் பக்கம் வருவதில்லை.

12 செப்டம்பர், திங்கள்

கிளெமான்ஸ் கொப்பியைக் கேட்டாள். எங்கேயோ வைத்துவிட்டேன் என்றேன். அவள் கவலைப்படவில்லை. காலையில் நான் தொட்டி உருட்டும்போது முணுமுணுத்த பாட்டை மேலிருந்து கேட்டாளாம். படத்தின் நாயகி நீங்கள்தான் என்றாள். எனக்கு ஐம்பத்தொரு வயது, முழங்காலில் வாதம், முன்பல்லில் ஓர் இடைவெளி. நாயகி என்றால் இவளுடைய ஊரில் வேறு பொருள் போலும்.

ஒரு தாடிக்காரனைக் கூட்டிக்கொண்டு வந்தாள். அவன்தான் இசையமைப்பாளன். முற்றத்துக் கல்லில் தொட்டியின் சில்லு உருளும் சத்தத்தை ஒலிவாங்கி வைத்துப் பதிந்தான். ஒரு தொட்டியை முத்தமிடுகிற தூரத்தில் ஒரு மனிதன் முழங்காலில் நிற்பதை இன்றுதான் பார்த்தேன். அது மீன் வாங்கிய நாளின் மறுநாள் என்று அவனுக்குச் சொல்லவில்லை.

15 செப்டம்பர், வியாழன்

கட்டடத்தை நிர்வகிக்கிற அலுவலகத்திலிருந்து ஓர் உறை வந்தது. நவம்பர் ஒன்பதாம் திகதி வீட்டுச் சொந்தக்காரர்களின் கூட்டம். நிகழ்ச்சிநிரலை வாசல் பலகையில் ஒட்டும்படி எழுதியிருந்தார்கள். ஒட்டுமுன் வாசிப்பது என் வழக்கம். ஆறாவது: சைக்கிள் நிறுத்துமிடம். ஏழாவது: காவலாள் பதவியை நிறுத்துதல், லோஜை விற்றல். எட்டாவது: ஏனையவை.

ஏழாவதைக் கேட்டவர் லியோனில் இருக்கிற ஒரு மனிதர். நாலாம் மாடியும் ஐந்தாம் மாடியும் அவருடையவை. நாலாம் மாடி பூட்டிக் கிடக்கிறது. ஐந்தாவதில் கிளெமான்ஸ் வாடகைக்கு இருக்கிறாள். வீட்டுக்கு ஒரு வாக்கு. அவருக்கு இரண்டு. கீழ் மூன்று மாடிக்காரருக்கும் ஒவ்வொன்று. மூன்று வாக்குச் சேர்ந்தால் நாங்கள் வெளியே. கிளெமான்சுக்கு வாக்கு இல்லை.

தாளைக் கோணலாக ஒட்டினேன் என்று ஒருவரும் சொல்லக் கூடாது. அளவுகோல் வைத்து ஒட்டினேன்.

இவரிடம் சொன்னேன். "இஞ்சரும், எங்கை போறது?" என்று கேட்டார். பிறகு தொலைக்காட்சிக்கு முன்னால் உட்கார்ந்தார். அதைப் போட மறந்துவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார் என்பதுதான் சரி.

எனக்குக் கவலை இல்லை. முழங்காலுக்கும் நல்லது.

24 செப்டம்பர், சனி

ஒத்திகை. பாட்டை அச்சடித்துத் தந்தார்கள். "காலை வணக்கம் என் அழகிய தொட்டியே, நீ உறங்குகிற நகரத்தை எழுப்புகிறாய்" என்று தொடங்குகிறது. இருபத்திரண்டு வருடத்தில் நான் அந்தத் தொட்டிக்கு ஒரு நாளும் காலை வணக்கம் சொன்னதில்லை. சொன்ன மற்றச் சொற்களை இங்கே எழுத முடியாது.

பிரெஞ்சின் அந்தத் தொண்டை 'ர' எனக்குப் பேசும்போதே ஒழுங்காக வராது. பாடும்போது காறுவது போல இருந்தது. ஏழு தரம் பாடினேன். எட்டாவது தரம் தாடிக்காரன் காதிலிருந்த கருவியைக் கழற்றிவிட்டுத் தண்ணீர் குடித்தான்.

"உங்கள் மொழியிலேயே பாடுங்கள்" என்றாள் கிளெமான்ஸ். "இதே பொருள் வந்தால் போதும்."

1 ஒக்டோபர், சனி

படப்பிடிப்பு.

காலை எட்டுக்கு முற்றம் முழுக்கக் கம்பியும் விளக்கும். தபால்காரன், பேக்கரிப் பெண், வீதி கூட்டுகிற மாலி நாட்டுக்காரர் எல்லோரும் தங்கள் வரியைப் பாட வந்திருந்தார்கள். நான் தொட்டியை உருட்டிக்கொண்டு ஒவ்வொரு மாடியாக அண்ணாந்து பாட வேண்டும். அந்தந்த மாடிக்காரர் ஜன்னலைத் திறந்து "போன்ஜூர்" என்று பதில் பாட வேண்டும். பல் வைத்தியர் புதுச் சட்டை போட்டு, அரை மணி முன்பே ஜன்னலில் நின்றார். மதாம் பெலார் கைகூப்பியபடி நின்றார். இரண்டாம் மாடி மொசியே ரூவியேர் மட்டும் மறுத்துவிட்டார். ஓய்வுபெற்ற வழக்கறிஞர், எல்லாவற்றுக்கும் கடிதம் எழுதுகிறவர். "நாற்பது வருடம் நீதிமன்றத்திலேயே நான் பாடவில்லை" என்றாராம். அவருடைய மூடிய ஜன்னலைப் பார்த்துப் பாடச் சொன்னார்கள்.

இரவே தமிழில் நாலு வரி ஒழுங்காகத்தான் எழுதிவைத்தேன். அதில் சூரியன் இருந்தது, நகரம் இருந்தது. கமராவைத் தூக்கியதும் ஒரு வரியும் நினைவில் இல்லை. சில்லுச் சத்தம் தாளமாக ஓடுகிறது. எல்லோரும் என்னைப் பார்க்கிறார்கள். நான் அண்ணாந்து முதலாம் மாடியைப் பார்த்தேன். எனக்குத் தெரிந்தது வந்தது.

பல்லுக்குக் காவல் முதலாம் மாடி
பையெல்லாம் சொக்கிலேட் தாளுகள் கோடி

சட்டம் படிச்சது ரெண்டாம் மாடி
மலிவு வைனுக்கு மாளிகைப் போத்தல் தேடி

மரக்கறி மட்டும் மூண்டாம் மாடி
கோழி எலும்பைக் கடதாசியால மூடி

இரண்டாவதை விளங்கப்படுத்த வேண்டும். மொசியே ரூவியேர் மட்டைப்பெட்டியில் வருகிற மலிவு வைன் வாங்குகிறார். அந்தப் பெட்டிகள் மஞ்சள் மூடித் தொட்டிக்கு வரும். ஆனால் ஒரே ஒரு பழைய பெரிய இடத்துப் போத்தல் அவருடைய அலுமாரியில் பதினைந்து வருடமாக இருக்கிறது. விருந்தாளிகள் வந்தால் நிறைந்து மேசைக்கு வரும். வெள்ளை மூடித் தொட்டிக்கு மட்டும் அது வந்ததே இல்லை.

பல் வைத்தியர் மேலேயிருந்து முழுக் குரலில் "போன்ஜூர்" என்றார். மதாம் பெலார் கண்ணை மூடிக்கொண்டு தலையாட்டினார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதையும் எடுத்தார்கள்.

மூன்று முடிந்ததும் தாடிக்காரன் கையைச் சுழற்றி இன்னொன்று என்றான். நான் லோஜ் ஜன்னலுக்கு முன்னால் நின்றேன். ஏதோ பாடினேன். என்ன பாடினேன் என்று நினைவில்லை.

பாடி முடித்தபோது கிளெமான்ஸ் அழுதுகொண்டிருந்தாள். ஒரு சொல்லும் விளங்காமல் எப்படி அழுகிறார்கள் என்று தெரியவில்லை.

2 ஒக்டோபர், ஞாயிறு

படிகளை மறுபடியும் கழுவினேன். ஞாயிற்றுக்கிழமைகளில் கழுவுவதில்லை. ஜாவெல் கண்ணில் பட்டு நாள் முழுக்கச் சிவந்திருந்தது.

9 ஒக்டோபர், ஞாயிறு

இவர் ஞாயிறு தோறும் லாச்சப்பல் தமிழ்க் கடைத்தெருவுக்கு மரக்கறி வாங்கப் போகிறார். மூன்று மணித்தியாலம் செல்கிறது. இன்று கொண்டுவந்தது ஒரு முருங்கைக்காய்.

சாப்பிடும்போது, "தேசிக்காயும் தேனும் குடுத்தா உந்த இருமல் நிக்கும்" என்றார்.

"ஆருக்கு இருமல்?"

"ஆருக்குமில்லை. பொதுவாச் சொன்னன்."

ஒரு முருங்கைக்காய் வாங்க மூன்று மணித்தியாலம் எடுக்கிறவர் பொய் சொல்லவாவது பழகியிருக்கலாம். நான் ஒன்றும் கேட்கவில்லை. நானும் ஆரணியும் எட்டு மாதமாகப் பேசவில்லை என்று இதை வாசிக்கிற ஒருவர் நினைக்கக்கூடும். அப்படி இல்லை. அவளுக்கு வேலை கூட.

பெப்ரவரியில் அவளோடு இருக்கிற பையன் பஸ்தியானின் தாய் தகப்பன் எங்களைச் சாப்பிடக் கூப்பிட்டார்கள். நல்ல மனிதர்கள். ஆட்டிறைச்சி வேகவில்லை. போனோம், வந்தோம், அவ்வளவுதான்.

18 ஒக்டோபர், செவ்வாய்

கிளெமான்ஸ் துள்ளிக்கொண்டு வந்தாள். படம் பதினொரு நிமிடம் வந்திருக்கிறதாம். நவம்பர் ஆறாம் திகதி, ஞாயிறு பிற்பகல், கட்டடத்தாருக்கெல்லாம் வாசற்கூடத்தில் சீலை கட்டிக் காட்டப் போகிறாளாம். கூட்டத்துக்கு மூன்று நாள் முன். "அவர்கள் உங்களைப் பார்க்க வேண்டும் மதாம் தவா. பார்த்தால் ஒருவரும் ஏழாவதுக்குக் கை தூக்க மாட்டார்கள்" என்றாள். அவள் பலகையை வாசித்திருக்கிறாள். நல்ல பிள்ளை.

பிறகு சொன்னாள்: "உங்கள் பாட்டுக்குக் கீழே பிரெஞ்சில் எழுத்துப் போடுகிறோம். ஒவ்வொரு சொல்லும் அவர்களுக்கு விளங்கும்."

கையிலிருந்த தும்புத்தடி விழுந்தது.

"ஆர் மொழிபெயர்க்கிறது?" என்று கேட்க வாயெடுத்தேன். பின்னால் இவர் நின்று சிரித்தார். இவருக்குத் தெரிந்த பிரெஞ்சு முழுவதும் ஐம்பது சொல். அதில் இரண்டைக் கிளெமான்சிடம் செலவழித்திருக்கிறார்: 'என் மகள்.' தொலைபேசி இலக்கத்தையும் கொடுத்துவிட்டார். படம் போன வெள்ளியே ஆரணிக்குப் போய்விட்டது.

கிளெமான்ஸ் போனபின் கேட்டேன். "ஏனப்பா குடுத்தனீங்கள்?"

"நல்லாப் பாடினீர் எண்டு எல்லாரும் சொன்னவை. பிள்ளையும் கேக்கட்டும் எண்டுதான்."

"நான் என்ன பாடினனான் எண்டு தெரியுமோ?"

முதல் மூன்றையும் பாடிக் காட்டினேன். சிங்கம் கதிரையில் உட்கார்ந்தார். "இனி எங்கை போறது?" என்றார் மறுபடியும்.

20 ஒக்டோபர், வியாழன்

இரண்டு நாள் யோசித்தேன். வேறு வழி இல்லை. அலுவல் விஷயம். ஆரணிக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"ஹலோ" என்றேன்.

"அம்மாவோ?"

"வேற ஆர். இருமல் எண்டு கேள்விப்பட்டன்."

"இப்ப சுகம். அப்பா சொன்னவரோ?"

"அவருக்கு என்ன தெரியும். படத்தைப் பாத்தனியோ?"

"பாத்தன். நாலஞ்சு தரம்."

"நான் பாடினதை அப்பிடியே எழுதிப்போடாதை பிள்ளை. எல்லாரும் வாசிப்பினம். படம் போட்டு மூண்டாம் நாள் கூட்டம். பூ, காத்து, பறவை எண்டு ஏதாவது எழுதிவிடு."

"அம்மா, அந்தப் பல்லு டொக்டரின்ர சொக்கிலேட் உண்மையோ?"

"நான் ஏன் பொய் பாடுறன். போன கிழமை ரெண்டு பை."

அவள் சிரித்தாள். சிரிப்பு இருமலாகியது. சுகம் என்றது பொய். பிறகு, "மூண்டாம் மாடி எண்டு நான் சொன்னது உங்களுக்கு எப்பிடித் தெரியும்?" என்று கேட்டாள்.

கடைசியாக நான் பாடியது இதுதான். அவள் எனக்குத் திருப்பி வாசித்தாள்.

கீழே ஒரு அறை, அதுக்கொரு சன்னல்
அதுக்குள்ள வளர்ந்தது ஒரு பிள்ளை
மூண்டாம் மாடிதான் என்ர வீடெண்டு
சொன்னது, கேட்டது நானில்லை

அவளுக்கு அப்போது ஒன்பது வயது. பிறந்தநாளன்று வகுப்புப் பிள்ளை ஒன்று தாயோடு பரிசு கொண்டுவந்து மூன்றாம் மாடி மணியை அடித்திருக்கிறது. திறக்க ஒருவரும் இல்லாமல் கீழே லோஜுக்கு வந்தார்கள். நான் மேற்சட்டையை மாற்றிக்கொண்டு போய், மூன்றாம் மாடிக்காரர் வெளியே போயிருக்கிறார்கள், வந்ததும் கொடுக்கிறேன் என்று சொல்லிப் பரிசை வாங்கினேன். அந்தத் தாய் எனக்கு நன்றி சொன்னார். பிள்ளையிடம், வாசலில் வைத்துவிட்டுப் போனார்கள் என்று கொடுத்தேன்.

இதைத் தொலைபேசியில் சொன்னேன்.

"ஏனம்மா அப்ப ஒண்டும் கேக்கேல்லை?"

"கேட்டா நீ என்ன சொல்லியிருப்பாய்?"

மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. இருமலோடு தடிமனும் பிடித்திருக்கும்.

பெப்ரவரிச் சாப்பாட்டையும் எழுதிவிடுகிறேன். பஸ்தியானின் தாய் என்னிடம் என்ன வேலை என்று கேட்டார். நான் வாய் திறக்குமுன் ஆரணி, "அம்மா கட்டட நிர்வாகத்தில் இருக்கிறா" என்றாள். நான், "தொட்டி உருட்டுகிறேன்" என்றேன். பகிடி என்று நினைத்து எல்லோரும் சிரித்தார்கள். திரும்பும் வழியில் மெத்ரோ மேடையில் வைத்து நான்தான் சொன்னேன்: "உனக்கு வெக்கமெண்டா இனி என்ர வாசலுக்கு வராதை." அவள் அழுதாள். மூன்று இரயில் போனது. நான் நாலாவதில் ஏறினேன். அவளைப் பார்க்கவில்லை.

இதுவரை இவரிடம்கூட, அவள்தான் கோபித்துக்கொண்டு போனாள் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

தொலைபேசியை வைக்குமுன் ஆரணி சொன்னாள்: "நான் பாத்து எழுதுறன். நீங்கள் யோசியாதேங்கோ."

6 நவம்பர், ஞாயிறு

வாசற்கூடத்தில் கட்டிய சீலை மதாம் பெலாருடையது. நான் மடித்துக் கொடுத்ததுதான். இருபது பேர் வந்தார்கள். மொசியே ரூவியேரும் வந்து, கதவோரத்தில் கோட்டைக் கழற்றாமல் நின்றார். ஆரணி தாமதமாக வந்தாள். கடிதப் பெட்டிகளுக்குப் பக்கத்தில், பின்னால் நின்றாள். மெலிந்திருக்கிறாள். பஸ்தியான் சமைக்கிறானாம்.

படம் தொடங்கியது. பேக்கரிப் பெண் பாடினாள், தபால்காரன் பாடினான், மாலிக்காரர் தும்புத்தடியோடு சுழன்று பாடினார். அவர்தான் எல்லோரையும்விடத் திறம். பிறகு நான் தொட்டியோடு வந்தேன். திரையில் என்னைப் பார்க்க என் தாயைப் பார்ப்பது போல இருந்தது; அவ இன்னும் வடிவு.

பல்லுக்குக் காவல் முதலாம் மாடி என்று நான் முழுக் குரலில் பாடுகிறேன். கீழே பிரெஞ்சில் எழுத்து வருகிறது: "முதலாம் மாடியில் காலை ஒளி, யாருக்கும் தெரியாத இனிமையோடு இறங்குகிறது." மொசியே கார்னியே நெஞ்சில் கை வைத்தார்.

மலிவு வைனுக்கு மாளிகைப் போத்தல். கீழே: "இரண்டாம் மாடியில் ஒரு பழைய போத்தலின் பொறுமை." ரூவியேர் கண்ணாடியைத் துடைத்தார்.

கோழி எலும்பைக் கடதாசியால மூடி. கீழே: "மூன்றாம் மாடியில் ஒரு பறவை அமைதியாக உறங்குகிறது." மதாம் பெலார் விம்மி அழத் தொடங்கினார். பக்கத்தில் இருந்தவர் அவருக்குத் தாள் கைக்குட்டை கொடுத்தார்.

இவர் வாயைக் கையால் பொத்திக்கொண்டு குலுங்கினார். நான் நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என் மகளுக்கு இவ்வளவு குறும்பு எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியாது என்று சொல்ல முடியாது.

நாலாவது வந்தது. அதற்கும் ஏதோ பூவோ நிலவோ வரும் என்று நினைத்தேன். அவள் அப்படியே போட்டிருந்தாள். ஒரு சொல் குறையவில்லை. கீழே ஓர் அறை. அங்கே வளர்ந்த பிள்ளை. மூன்றாம் மாடிதான் தன் வீடென்று சொன்ன பிள்ளை.

விளக்குப் போட்டதும் எல்லோரும் கைதட்டினார்கள். மதாம் பெலார் மூக்கைத் துடைத்தபடி, "யார் அந்தப் பிள்ளை? கற்பனையா?" என்று கேட்டார்.

கடிதப் பெட்டிகளுக்குப் பக்கத்திலிருந்து ஆரணி சொன்னாள். "நான்தான் மதாம். நான் அந்த லோஜில்தான் வளர்ந்தேன். இது என் அம்மா."

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். பாட்டில் வருகிற பிள்ளை அவள்தான் என்று கிளெமான்சுக்கே தெரிந்திருக்கவில்லை. எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரியாமல் கதிரைகளை அடுக்கத் தொடங்கினேன். ஆரணி வந்து மற்றப் பக்கத்தைப் பிடித்தாள். இருவருமாக எல்லாவற்றையும் அடுக்கினோம்.

லோஜில் இடியப்பமும் சொதியும் இருந்தன. தற்செயலாக அவித்தது. அவள் ஒன்பது இடியப்பம் சாப்பிட்டாள். "இஞ்சரும், பிள்ளைக்கு இன்னும் ரெண்டு வையும்" என்று இவர் அடுப்படியில் நின்று கண்ணைத் துடைத்தார். சிங்கம்.

"மெத்ரோவில நான் சொன்னது" என்று தொடங்கினேன்.

"சொதி விடுங்கோம்மா" என்றாள் ஆரணி.

விட்டேன்.

9 நவம்பர், புதன்

கூட்டம் இரண்டாம் மாடியில். லோஜிலிருந்து இரண்டு கதிரை தேவைப்பட்டது. நான்தான் ஏற்றிக் கொடுத்தேன். பிறகு இரண்டாம் மாடிக் கைபிடியை மினுக்கினேன். அது மினுக்க வேண்டிய நாள்தான்.

மொசியே ரூவியேர் தானே வெளியே வந்து சொன்னார். லியோன்காரர் தபாலில் இரண்டு வாக்கு. அது தெரிந்ததுதான். "நான் எதிர்த்து வாக்களித்தேன், மதாம். உங்கள் இடத்துக்கு ஒரு நிறுவனம் வந்தால் கடிதம் எழுதினாலும் பதில் வராது" என்றார். பல் வைத்தியரும் எதிர்த்தாராம். இரண்டுக்கு இரண்டு.

மூன்றாவது கை மதாம் பெலாருடையது.

படிகளில் என்னைக் கட்டிப்பிடித்தார். "ஒரு கதவு மூடினால் இன்னொன்று திறக்கும்" என்று காதுக்குள் சொன்னார். மூடுவது என்னுடைய கதவு. திறக்கப்போவதும் அதுதான், லோஜை வாங்கித் தன் யோகா வகுப்புக்கு வைக்கலாம் என்று யோசிக்கிறாராம்.

மார்ச் முடிவுக்குள் போக வேண்டும். இவர் இந்தமுறை எங்கே போவது என்று கேட்கவில்லை. என் காலைப் பிடித்து மடியில் வைத்து முழங்காலுக்குத் தைலம் தடவினார். இருபத்தெட்டு வருடத்தில் முதல் தடவை. முழங்கால் தவறு. மற்றக் காலில்தான் வாதம். சொல்லவில்லை.

10 நவம்பர், வியாழன்

ஆரணி தொலைபேசி எடுத்தாள். டிசம்பர் மூன்றாம் திகதி வட்டார நகரசபை மண்டபத்தில் படம் போடுகிறார்களாம். முன்னூறு பேர் வருவார்களாம். கட்டடத்தாருக்கு முன்வரிசை. "இனி வேலைக்குப் பயமில்லைத்தானே அம்மா. உண்மையைப் போடுவமோ?"

போடு என்றேன்.

2 டிசம்பர், வெள்ளி

காலையிலிருந்து ஒன்று குத்தியது. மொசியே ரூவியேர் எனக்காகக் கை தூக்கியவர். பதினொரு மணிக்கு அவருடைய மணியை அடித்து, நாளை திரையில் என்ன வரும் என்று சொன்னேன். பல் வைத்தியருக்குக் காலையிலேயே சொல்லிவிட்டேன். அவர் சிரித்து, அலுவலகத்து மேசை இழுப்பறையைத் திறந்து எனக்கும் ஒரு சொக்கிலேட் தந்தார்.

ரூவியேர் சிரிக்கவில்லை. கதவைப் பிடித்தபடி நின்றார்.

"எத்தனை வருடமாகத் தெரியும்?"

"பதினைந்து."

"யாரிடமும் சொல்லவில்லையா?"

"கேட்டால்தானே சொல்வதற்கு."

உள்ளே போய் அந்தப் போத்தலைக் கொண்டுவந்து காட்டினார். அவருடைய மனைவி இறப்பதற்கு முந்தின வருடம் இருவருமாகக் குடித்ததாம். எறிய மனம் வரவில்லை. வெறும் போத்தலை வைத்திருக்கவும் ஒரு காரணம் வேண்டியிருந்தது, அதுதான் நிரப்பினாராம். பதினைந்து வருடம் ஒரு மனிதருடைய குப்பையைப் பார்த்தும் இது எனக்குத் தெரியாமல் போயிற்று.

"எடுத்துவிடச் சொல்கிறேன், மொசியே" என்றேன்.

"வேண்டாம். நண்பர்களில் ஒருவன்கூட வித்தியாசம் கண்டுபிடிக்கவில்லை என்பதையும் சேர்க்க முடியுமா?"

ஆரணிக்கு எடுத்துச் சொன்னேன். ஒரு வரி சேர்த்தாள்.

3 டிசம்பர், சனி

மண்டபம் நிறைந்தது. நான் ஆரணியின் கல்யாணத்துக்கென்று வைத்திருந்த சேலையை உடுத்தினேன். கல்யாணம் எப்போது என்று யாரும் சொல்லவில்லை. சேலை காத்திருக்கத் தேவையில்லை. பஸ்தியானின் தாய் தகப்பனும் வந்திருந்தார்கள்.

சொக்கிலேட்டுக்கு முதலில் ஒருவர் சிரித்தார், பிறகு மண்டபமே சிரித்தது. மொசியே கார்னியே எழுந்து கும்பிட்டார். வைனுக்கு முன்வரிசையில் ரூவியேரின் நண்பர்கள் இருவர் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் நேரே பார்த்துக்கொண்டிருந்தார். கோழி எலும்புக்கு நாற்காலிகள் ஆடின. நாலாவதுக்கு யாரும் சிரிக்கவில்லை. பஸ்தியானின் தாய் மட்டும் கையை நீட்டி என் கையைப் பிடித்தார். விடவே இல்லை. எனக்குக் கை வியர்த்துவிட்டது.

வெளியே மதாம் பெலார் என்னிடம் வந்தார். இந்தமுறை கட்டிப்பிடிக்கவில்லை.

"அந்த எலும்பு பூனைக்கு வாங்கியது" என்றார்.

அவரிடம் பூனை இல்லை. தலையாட்டினேன்.

24 ஜனவரி, செவ்வாய்

பன்னிரண்டாம் வட்டாரத்தில் ஒரு கட்டடத்துக்குக் காவலாள் தேவை என்று கேள்விப்பட்டுப் போனேன். ஆரணி பஸ்தியானின் காரில் கொண்டுபோய் இறக்கி, வீதியில் காத்துநின்றாள். பேட்டி எடுத்த பெண் மணி போலக் குரலுள்ளவர். என் கடதாசிகளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி கடதாசியைப் பார்த்தார்.

"உங்களை எங்கோ பார்த்திருக்கிறேன். டிசம்பரில் ஒரு படம் பார்த்தேன். அதில் ஓர் அம்மா தொட்டியோடு பாடுவார். அவர் நீங்கள்தானே?"

"நாங்கள் எல்லோருமே உங்களுக்கு ஒரே முகமாகத்தான் தெரிவோம், மதாம்" என்றேன்.

அவருடைய முகம் கழுத்துவரை சிவந்தது. மூன்று தரம் மன்னிப்புக் கேட்டார். தண்ணீர் கொடுத்தார். லோஜைத் திறந்து காட்டினார். இரண்டு அறை, குசினியில் வெயில் விழுகிறது. ஏப்ரல் முதலாம் திகதி வரச் சொன்னார்.

ஆறு மாடி. பதினெட்டு வீட்டுக் குப்பை.